வேலியோரம் துணி காணாத வாரங்கள்

அன்பு மகளுக்கு அம்மா எழுதுவது. கடவுள் புண்ணியத்தில் நானும் தம்பியும் நலம், நீயும் மாப்பிள்ளையும் குழந்தையும் நோய் நொடி இல்லாமல் இருக்க வேண்டும் என்பதே என் அன்றாட வேண்டுதல்.

போனில் என் குரல் சரியில்லை என்று கேட்டாயே, தம்பி பக்கத்தில் இருந்ததால் சொல்லவில்லை. எல்லையில் வேலி போட்டு அப்பாவின் கல்லறை அந்தப் பக்கம் போனதிலிருந்து அதைப் பெருக்கிப் பார்த்துக்கொள்ளும் அந்த அம்மாவை உனக்குத் தெரியும், அவருடைய வீட்டுக்காரரின் கல்லறை இந்தப் பக்கம் மாட்டிக்கொண்டதால் அதை நான் கவனிக்கிறேன். வாரா வாரம் பெருக்கி முடித்ததும் ஆளுக்கொரு ஈரத்துணியை வேலியோரக் கம்பத்தில் கட்டுவோம், உன் ஆளைப் பார்த்தாயிற்று என்று அர்த்தம். காவல்காரர்கள் பேசத்தான் விடமாட்டார்கள், துணி காய்வதை யார் கேட்பது. சில வாரமாக அந்தப் பக்கம் துணி இல்லை. காய்ச்சலோ, நான் ஒரு தடவை போகத் தவறியதற்குக் கோபமோ என்று மனசு அடித்துக்கொண்டது. பேர்கூடத் தெரியாத மனுஷிக்கா இவ்வளவு தவிப்பு, எனக்குக் காய்ச்சல் வந்தப்ப நீ நல்லாத்தானே சாப்பிட்டே என்று தம்பி கேலி செய்கிறான்.

நேற்று வேலிக்கு அந்தப் பக்கம் ஓர் ஆள் நின்றிருந்தான், அவருடைய மகனாம். காவல்காரர் திரும்பிய நேரம் பார்த்துச் சொன்னான். "அம்மா தவறிட்டாங்கம்மா. அப்பா பக்கத்துல வைக்கணும்னு எவ்வளவோ கேட்டோம், விடல. உங்க வீட்டுக்காரர் பக்கத்துலதான் வச்சிருக்கோம். தப்பா நினைச்சுக்காதீங்க." நான் என்னத்தைத் தப்பாக நினைப்பது, தலையை ஆட்டினேன். எல்லைச் சாவடி வாசலில் அந்த அம்மாவின் உடம்போடு பகல் முழுக்க வெயிலில் நின்றார்களாம், கடைசியில் அடியும் வாங்கியிருக்கிறான், கன்னம் வீங்கியிருந்தது.

அதிலிருந்து எனக்கு ஒரே பயம். தம்பி முன்கோபி, நீ பிடிவாதக்காரி. எனக்கு ஒன்று என்றால் அப்பா பக்கத்தில்தான் வைப்போம் என்று இரண்டு பேரும் அந்த வாசலில் போய்த் துப்பாக்கிக்காரர்களோடு மல்லுக்கு நிற்பீர்கள். வேண்டாம்டி. இங்கே அந்த அம்மாவின் வீட்டுக்காரர் பக்கத்தில் இடம் இருக்கிறது, முழம் போட்டுப் பார்த்துவிட்டேன், தாராளமாகப் போதும். என்னை அங்கேயே வைத்துவிடுங்கள். ஊர் சிரித்தால் சிரிக்கட்டும். அப்பா கோபிக்கமாட்டார், அவருக்கும்தான் துணை வந்துவிட்டதே.

ஆண்டவன் உங்களைக் கண்ணுக்குள் வைத்துக் காக்கட்டும். குழந்தைக்கு இருமல் மருந்தைப் பாதியில் நிறுத்தாதே. தம்பியிடம் இதை நீதான் பக்குவமாகச் சொல்ல வேண்டும், நான் வாயெடுத்தாலே எழுந்து போய்விடுகிறான். சரி என்று ஒரு வார்த்தை எழுது, அது வரும்வரை எனக்குத் தூக்கம் பிடிக்காது.

உன் நினைவாகவே இருக்கும்,
அம்மா