போர் பாயிண்டு சொன்ன பெட்டி

மார்ச் 30
மகனுடைய மகள் நித்யஸ்ரீ லீவுக்கு வந்திருக்கிறாள். சேலத்தில் கம்ப்யூட்டர் ஆராய்ச்சிப் படிப்பு. யோசிக்கிற மிஷின் செய்ய அந்தக் காலத்தில் முதன்முதலில் கிளம்பினவர்களைப் பற்றி எழுதுகிறாளாம். அவர்கள் முறையிலேயே ஒன்று செய்து லேப்டாப் பெட்டியில் காட்டினாள். மண், பாறை, பக்கத்துக் கிணறு என்று கேள்வி கேட்கிறது. ஆமாம், இல்லை என்று அமுக்கினால் போதும், தண்ணீருக்குப் போர் எங்கே போடலாம் என்று சொல்லிவிடுகிறது. நான் அஞ்சாங்கிளாஸ். என் பேத்தியைப் பார்!

ஏப்ரல் 2
எலச்சிபாளையத்துத் தம்பி சின்னுசாமிக்குப் போன் போட்டேன். ரெண்டு போர் போட்டும் தண்ணீர் இல்லை, வெறும் புழுதிப் புகை. தென்னை காய்கிறது. அவன் சொல்லச் சொல்ல நானே அமுக்கினேன். வடகிழக்கு மூலை என்று வந்தது. தேங்காய் வைத்து நீரோட்டம் பார்க்கிற ஆளை வரவேண்டாம் என்று சொல்லிவிட்டானாம்.
“நம்ம புள்ளை படிப்பு முன்னால தேங்காயெல்லாம் என்னக்கா!”
பக்கத்து வீட்டு மாரக்காளிடமும் சொன்னேன். சொல்லாமல் இருக்க முடியுமா?

ஏப்ரல் 4
நித்யாவிடம் சொன்னதும் சோற்றுத் தட்டை நகர்த்திவிட்டாள்.
“ஏனப்பத்தா இப்படிப் பண்ணுனே? பெரிய படிப்பாளிகளே யோசிக்கிற மிஷின் வேலையில ஒரே கோடையில பெருசா முன்னேறிர்லாம்னு நெனச்சாங்க. எழுபது வருசம் ஆகப்போகுது, இன்னும் முடியலை. எங்க வழுக்குனாங்கன்னு காட்டத்தான் இதைச் செஞ்சேன்.”
“அப்ப வடகிழக்குன்னு ஏன் சொல்லுச்சு?”
“எதையாச்சும் சொல்லும். தெரியாதுன்னு சொல்ல நான் பழக்கலை.”
மேட்டூர் டேமுக்கு நடுவில் போர் போடலாமா என்று கேட்டுக் காட்டினாள். பக்கத்தில் கிணறு இல்லையாம், தண்ணீர் கிடைக்காதாம்.
சிரிப்பு வரவில்லை.

ஏப்ரல் 5
நாளைக் காலை தம்பி தோட்டத்துக்குப் போர் போடுகிற ரிக் வண்டி வருகிறது. போனை எடுத்தேன், வைத்தேன். இதுவும் புகையாய்ப் போனால் தோப்பை விற்கிறதுதான் என்று தம்பி அன்றைக்கே சொல்லியிருந்தான். ஊரெல்லாம் பீற்றிக்கொண்டேனே, இப்ப எந்த மூஞ்சியை வெச்சுட்டு—

அன்றே, சாயங்காலம்
தம்பியிடம் சொல்லிவிட்டேன், அந்தப் பெட்டி எதையாச்சும் சொல்லுமாம், நம்பாதே என்று.
“அப்ப எங்கதான்க்கா தண்ணி இருக்குது?”
“எனக்குத் தெரியாது சாமி.”
வண்டியை வேண்டாம் என்று சொல்லிவிட்டான். போனை வைத்துவிட்டான்.

ஏப்ரல் 13
போன் எடுக்கமாட்டேன் என்கிறான்.

ஏப்ரல் 20
நித்யா பெட்டியைத் திருத்தியிருக்கிறாள். தம்பி தோட்டத்து விவரத்துக்கு இப்போது ‘தெரியவில்லை’ என்று வருகிறது. “இப்பத்தான் கொஞ்சம் தேறியிருக்குது” என்கிறாள்.
மத்தியானம் சின்னுசாமியே கூப்பிட்டான்.
“தேங்காய்க்காரர் தென்மேற்குங்கறார். நீ என்னக்கா சொல்றே?”
போடு போடு என்று நாக்கு நுனிவரை வந்தது.
“தெரியாது சாமி. வண்டி வர்ற அன்னிக்கு நானும் வாரேன்.”
“வெயில்ல நிக்கோணும்” என்றான்.
குடையை எடுத்து வெளியே வைத்திருக்கிறேன்.