மறுபடி எடுக்கலாம்

என் ரோஸ்விதாவுக்கு,

நாடகம் முடிந்ததும் தலைவலி என்று சொல்லிவிட்டுத்தான் கிளம்பினேன். நீ நம்பியிருக்க மாட்டாய்.

இத்தனை வருடம் பெர்லினில் சினிமாவே கதி என்று கிடந்தவன், நேற்று காசல் நகரில் உன் கடைசி நாடகத்துக்காக மேடையேறினேன். என்ன பெரிய வேடம், உன் கணவன்தான். வசனம் மறந்ததும், திரைமறைவில் எடுத்துக்கொடுக்கக் காத்திருந்த கேர்லிண்டைப் பார்த்திருக்கலாம். நானோ படப்பிடிப்பில் நிற்பதுபோலக் கையை உயர்த்தி, "சாரி, மறுபடி எடுக்கலாம்" என்றேன். அரங்கமே சிரித்தது.

நீதான் அருகில் வந்து என் காலரைச் சரிசெய்தாய். "உனக்கென்னப்பா, எத்தனை தடவை வேணும்னாலும் எடுப்பே. எனக்கு இருக்கறது இந்த ஒரு வாழ்க்கைதானே?"

வசனம் என்று நினைத்துக் கைதட்டினார்கள். நாடகத்தில் அப்படி ஒரு வரியே கிடையாது.

இப்படிக்கு,
மேடையில்கூட உனக்குக் கணவனாக இருக்கத் தெரியாதவன்