ஊஞ்சலைக் காட்டு, தாத்தா

செப்டம்பர் 4, 2025 – வியாழன்

பல் வலி. கிராம்பு வைத்துக்கொண்டேன். மாலை ஐந்தரைக்கு வழக்கம்போல் எதிரே இருக்கிற பூங்கா. ஊஞ்சலுக்கு முன்னால் உள்ள பெஞ்சில் உட்கார்ந்தால்தான் சிக்னல் ஒழுங்காகக் கிடைக்கிறது. அந்த நேரத்துக்கு ஷார்ஜாவில் ஆஷ்லி பள்ளிக்கூடம் விட்டு வந்து, சாப்பிட்டு, அவள் அம்மாவின் போனைப் பிடுங்கிக்கொண்டு தயாராக இருப்பாள்.

என் முகத்தைக் காட்டினால் பேத்திக்குப் பிடிப்பதில்லை. "தாத்தா, உன் மூக்குதான் தெரியுது. ஊஞ்சலைக் காட்டு. நிஷாவைக் காட்டு." இங்கே வெள்ளானூரில் எங்களோடு இருந்த இரண்டு வருஷமும் அவளும் எங்கள் அடுக்குமாடியிலேயே இருக்கிற நிஷாவும் அந்த ஊஞ்சலிலேயே குடியிருந்தார்கள். போன மாதம் என் மகள் அருள்செல்வி அவளைக் கூட்டிக்கொண்டு புருஷனிடம் போய்விட்டாள். இப்போது நான் போனைத் தூக்கிப் பிடித்தால் நிஷா இங்கிருந்து கத்துகிறாள், இவள் அங்கிருந்து கத்துகிறாள். இன்றைக்கு விளையாட்டில் இரண்டு பேரும் இலையில் தோசை சுட்டு விற்றார்கள். ஷார்ஜாவுக்கு இரண்டு பார்சல். நான்தான் கேமரா ஸ்டாண்டு. அறுபத்தாறு வயதில் கிடைத்த நல்ல உத்தியோகம்.

செப்டம்பர் 9

போனைத் தூக்கித் தூக்கித் தோள் வலி. மகன் அலெக்ஸ் செல்ஃபி குச்சி வாங்கித் தருகிறேன் என்றான். வேண்டாம் என்றேன். பெண் பார்க்கிற நேரம், தனக்கு ஒரு நல்ல சட்டை வாங்கிக்கொள்ளட்டும்.

செப்டம்பர் 17 – புதன்

கேட்டில் நடேசன் கூப்பிட்டார். எங்கள் அடுக்குமாடியின் வாட்ச்மேன். நான் மண்ணூர்பேட்டையில் லேத் ஓட்டிய காலத்திலிருந்தே பழக்கம். "அண்ணாத்தே, இத்தப் பாரு. இது நீதானே?"

ஒரு போட்டோ. மேலே ஏதோ பால்கனியிலிருந்து எடுத்தது. ஒரு ஆளின் முதுகு, வழுக்கை, தூக்கிப் பிடித்த போன், அதற்கு முன்னால் ஊஞ்சலில் பிள்ளைகள். குடியிருப்பின் வாட்ஸ்அப் குழுவில் செயலாளர் பிரசன்னா போட்டிருக்கிறார். 'பெற்றோர் கவனத்துக்கு. இந்த நபர் தினமும் மாலை பூங்காவில் நம் குழந்தைகளை வீடியோ எடுக்கிறார். யார் என்று தெரிந்தால் சொல்லவும்.' கீழே வரிசையாகக் கோப முகங்கள். போலீஸில் கொடுங்கள் என்று ஒருவர். நாலு சாத்து சாத்தினால் சரியாகிவிடும் என்று இன்னொருவர். அவர் தினமும் லிஃப்டில் எனக்கு குட் ஈவினிங் சொல்கிறவர்.

வீட்டுக்குச் சொந்தக்காரர்களுக்கு மட்டும்தான் அந்தக் குழு. நான் அதில் இல்லை. அறிவிப்பு பார்க்க நடேசனையும் சேர்த்திருக்கிறார்கள், ஆனால் வாயைத் திறக்க முடியாது. "வாட்ச்மேன் மெசேஜ் போடக்கூடாதுன்னு ரூலு கீது. இல்லாங்காட்டி நானே சொல்லிருப்பேன், அவரு நம்ம ஆளுன்னு."

அலெக்ஸ் அந்தக் குழுவில் இருக்கிறான்.

வேலை முடிந்து வந்ததும் கேட்டேன். ஷூவைக் கழற்றிக்கொண்டே, "பாத்தேன்பா. மத்தியானமே பாத்தேன்" என்றான்.

"அப்புறம்?"

"முகம் தெரியலை இல்ல? ரெண்டு நாள்ல மறந்துடுவாங்க. அது எங்கப்பாதான்னு நானே போய்ச் சொல்லணுமா? கரையான்சாவடியிலேர்ந்து பொண்ணு வீட்டுக்காரங்க இப்பத்தான் நம்மளப் பத்தி விசாரிச்சுக்கிட்டு இருக்காங்க."

நான் ஒன்றும் சொல்லவில்லை என்று எழுதலாம். பொய். கத்தினேன். அது யாரோ இல்லடா, உன் அப்பன்டா என்று கத்தினேன். நல்லவேளை, ஜன்னல் சாத்தியிருந்தது — பார், அதைக்கூட இப்போது யோசிக்கிறேன்.

செப்டம்பர் 18

பூங்காவுக்குப் போகவில்லை. சமையலறையில் நின்று, விட்டு விட்டு வந்த சிக்னலில் பேசினேன். "ஊஞ்சல் எங்க தாத்தா?" மழை என்றேன். வெளியே சுள்ளென்று வெயில். குழந்தை நம்பிவிட்டது.

அந்தப் போட்டோவில் வேறு ஒருவன் இருந்திருந்தால் நானும் சந்தேகப்பட்டிருப்பேனா? பட்டிருப்பேன். என் பேத்தியை ஒருவன் அப்படி எடுத்தால் போனைப் பிடுங்கி உடைப்பேன். ஆனால் கிட்டே போய், யார் என்ன என்று கேட்டுவிட்டுத்தான் உடைப்பேன். படம் எடுத்தவர் இறங்கி வந்து ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே. லிஃப்ட் வேலை செய்கிறது.

பிலோமினா இருந்திருந்தால் அந்த பெஞ்சில் என் பக்கத்தில் உட்கார்ந்திருப்பாள். புருஷன் பெண்டாட்டியாக உட்கார்ந்திருந்தால் யார் படம் எடுக்கப்போகிறார்கள்? தனி ஆண், அதுவும் கிழவன். பெண்டாட்டி செத்ததுகூட ஒரு குற்றம்தான் போலிருக்கிறது.

செப்டம்பர் 20 – சனி

நிஷாவின் அம்மா ஸ்வாதி வந்தாள். திருநெல்வேலிப் பெண், ஐ.டி. வேலை, வாரம் முழுக்க வீடு திரும்பவே இருட்டிவிடும். "குரூப்பை இன்னைக்குத்தான் அங்கிள் பார்த்தேன். பார்த்ததுமே நீங்கதான்னு தெரிஞ்சிட்டு. எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கக் கூடாதா?" என்று கண் கலங்கினாள். என் எதிரிலேயே தட்டினாள்: இவர் அலெக்ஸின் அப்பா இருதயராஜ் அங்கிள், தன் பேத்திக்கு வீடியோ காலில் என் மகளைக் காட்டுகிறார், எனக்குத் தெரிந்துதான் நடக்கிறது.

பிரசன்னா உடனே படத்தை நீக்கிவிட்டார். மாலையில் படிக்கட்டில் என் கையைப் பிடித்துக்கொண்டார். "சாரி சார். பசங்க விஷயம் பாருங்க, ஒரு முன்ஜாக்கிரதைதான்." குழுவில் சிலர் கும்பிடும் கைகள் போட்டிருந்தார்கள். கோபத்துக்கு வந்த கூட்டம் இதற்கு வரவில்லை.

அலெக்ஸுக்கு மூஞ்சி சரியில்லை. "பேரைப் போட்டுட்டாங்களேப்பா" என்றான். என் பேர் அவ்வளவு கெட்டுப்போன பேரா என்று கேட்க நினைத்தேன்.

செப்டம்பர் 28 – ஞாயிறு

பெண்ணின் அப்பா ஆரோக்கியசாமி பூசைக்கு அவர்கள் மாதா கோயிலுக்கு வரச்சொல்லியிருந்தார். நானும் அலெக்ஸும் பைக்கில் கரையான்சாவடி போனோம். நல்ல மனிதர். பூசை முடிந்து வாசலில் பேசிக்கொண்டு நின்றோம். பேச்சுவாக்கில் போனை எடுத்தார்.

"எங்க ஜெபக் குழுவுல வந்துச்சு, பாருங்க. பூந்தமல்லி பக்கம் புள்ள புடிக்கிற கும்பலாம். முதல்ல போட்டோ எடுத்துக்கினு போவானுங்களாம்."

என் முதுகு. என் வழுக்கை. வெள்ளானூர் பூங்காவைப் பூந்தமல்லி ஆக்கியிருக்கிறார்கள். எனக்கு ஒரு கும்பலையும் சேர்த்துக் கொடுத்திருக்கிறார்கள். பல தடவை பகிரப்பட்டது என்று மேலே போட்டிருந்தது.

அலெக்ஸ் என்னைப் பார்த்தான். உதடு அசைந்தது. இந்தத் தடவை சொல்லிவிடுவான் என்று தோன்றியது. அதற்குள் நான் முந்திக்கொண்டேன்.

"ஆமாங்க. யாரையும் நம்ப முடியலை."

நான்தான் சொன்னேன். என் வாயால்தான் சொன்னேன்.

திரும்பும்போது சிக்னலில் வண்டி நின்றது. அலெக்ஸ் திரும்பாமலே "சாரிப்பா" என்றான். ரோட்டைப் பார்த்து ஓட்டு என்றேன். அவன் தோளில் கை வைத்திருந்தேன், வீடு வரைக்கும் எடுக்கவில்லை. அன்றைக்கு அவனிடம் அவ்வளவு கத்தியிருக்க வேண்டாம்.

அக்டோபர் 1

ஆஷ்லியிடம் இன்றும் மழை.

அக்டோபர் 16

இப்போது நிஜமாகவே மழை. பூங்காவில் முழங்கால் தண்ணீர். காட்டலாம் என்று பால்கனியில் நின்று கூப்பிட்டேன். "நாளைக்குப் பேசறேன் தாத்தா, கவிப்பிரியா கீழ வெயிட் பண்றா." அவர்கள் கட்டடத்திலேயே ஒரு தமிழ்ப் பெண் கிடைத்திருக்கிறாள். நல்லதுதான். குழந்தை அங்கே தனியாக உட்கார்ந்து அழுவதைவிட இது நல்லதுதானே? நிஷா எங்கே என்று கேட்கவில்லை. ரொம்ப நேரம் போனைக் கையிலேயே வைத்திருந்தேன்.

அக்டோபர் 26 – ஞாயிறு

அலெக்ஸுக்கு நிச்சயமாகிவிட்டது. கல்யாணம் ஜனவரியில். ஆரோக்கியசாமி கட்டிப்பிடித்துக்கொண்டார். என் முதுகைத் தட்டினார்.

நவம்பர் 13 – வியாழன்

சர்க்கரை ஏறியிருக்கிறது, நடந்தே ஆகவேண்டும் என்று டாக்டர் திட்டினார். இரண்டு மாதத்துக்கு அப்புறம் பூங்காவுக்குப் போனேன். போனை வீட்டிலேயே வைத்துவிட்டேன். கொஞ்சம் நடந்ததும் கால் ஓய்ந்துவிட்டது. பக்கத்தில் அந்த பெஞ்சுதான் இருந்தது. ஊஞ்சலுக்கு முதுகைக் காட்டி, சுவரைப் பார்த்து உட்கார்ந்தேன்.

பின்னால் தொப்பென்று ஒரு சத்தம். பிறகு அழுகை. திரும்பினால் நிஷா தரையில் கிடக்கிறாள். தாடையெல்லாம் ரத்தம். மற்ற பிள்ளைகள் பயந்து ஒதுங்கிவிட்டார்கள். பெரியவன் என்று அங்கே நான் ஒருவன்தான். கையை நீட்டித் தாத்தா, தாத்தா என்கிறாள்.

எழுந்தேன். எழுந்து அண்ணாந்து பால்கனிகளைப் பார்த்தேன். துணி காய்கிறது. துணிக்குப் பின்னால் ஆள் நிற்கிறதா என்று தெரியவில்லை. கை அவள் பக்கம் போகவில்லை. நின்ற இடத்திலேயே நின்றுகொண்டு கேட்டைப் பார்த்து, நடேசா, நடேசா என்று கத்தினேன். தொண்டை கிழியக் கத்தினேன். அவர் ரோட்டைத் தாண்டி வருகிற வரைக்கும் குழந்தை என் காலடியில் அழுதுகொண்டிருந்தது.

வாரித் தூக்கிக்கொண்டே நடேசன் என்னைப் பார்த்தார். "பக்கத்துலயேதானே நின்னுகினு கீறே? தூக்கக் கூடாதா அண்ணாத்தே?" கோபமாகத்தான் கேட்டார். நான் மறுபடியும் பால்கனிகளைப் பார்த்தேன். அவரும் ஒரு தடவை அண்ணாந்து பார்த்தார். அதற்குமேல் எதுவும் கேட்காமல் குழந்தையோடு கேட்டுக்கு ஓடினார்.

இருட்டிய பிறகு ஸ்வாதி வந்து சொல்லிவிட்டுப் போனாள். தையல் போட்டிருக்கிறதாம், பயப்பட ஒன்றும் இல்லையாம். "நல்லவேளை அங்கிள், நீங்க பக்கத்துல இருந்தீங்க" என்றாள். நடேசன் அவளிடம் மீதியைச் சொல்லவில்லை போலிருக்கிறது. நானும் சொல்லவில்லை.