முழுக் கையெழுத்து

அன்புள்ள அப்பாவுக்கு,

வணக்கம். முழங்கால் வலி குறைந்ததா? அம்மா வேளைக்கு மாத்திரை போடுகிறாளா? நான் நலம்.

நேற்று குடியுரிமைச் சான்றிதழில் பெயரை மாற்றப் போனேன். ஆமாம் அப்பா, எட்டு மாதத்துக்கு முன்பே சட்டப்படி பெயரை மாற்றிவிட்டேன். என் பெயருக்குப் பின்னால் உங்கள் பெயர் இப்போது இல்லை. வாராவாரம் போனில் பேசியும் சொல்ல வாய் வரவில்லை.

நான் வேலை பார்க்கும் ஹோட்டல் சலவைக்கூடத்தில், இந்த நாட்டு வழக்கப்படி, என்னை உங்கள் பெயரால்தான் கூப்பிட்டார்கள். விரிப்பில் ஒரு சுருக்கம் இருந்தால் போதும், அம்மாகூட வாயால் சொல்லாத பெயரைச் சொல்லி மேற்பார்வையாளர் கத்துவார். உங்களையே நிற்கவைத்துத் திட்டுவதுபோல் இருக்கும். அதற்காகத்தான் மாற்றினேன் என்று எழுதிவிடலாம். அது பாதி உண்மைதான். அவ்வளவு நீளப் பெயரைப் படிவம் படிவமாக எழுதி எனக்கும் அலுத்துவிட்டது.

அலுவலகத்தில் இருந்த தமிழ்க்கார எழுத்தர் விண்ணப்பத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டார். "பழைய பேரும் புதுப் பேரும் ஒரே ஆளோடதுதான்னு உங்க அப்பா கையெழுத்துப் போட்டுத் தரணும். அப்பா இருக்காருல்ல, அப்புறமென்ன கவலை?" என்றார். நானும் சிரித்து வைத்தேன்.

நீங்கள் கையெழுத்துப் போட வேண்டிய தாளை இதோடு வைத்திருக்கிறேன். கோபம் வந்தால் இரண்டு நாள் கழித்துப் போடுங்கள். அதோடு அம்மாவின் பழைய நூல்புடவை ஒன்றும் வேண்டும். நாளெல்லாம் யார் யாருக்கோ போர்வை மடிக்கிறேன்; எனக்குத்தான் இங்கே எதைப் போர்த்தினாலும் தூக்கம் வரமாட்டேன் என்கிறது.

வேலைக்கு நேரமாகிவிட்டது. எப்போதும்போல் சுருக்கிக் கிறுக்காமல் முழுப் பெயராகக் கையெழுத்துப் போடுங்கள், அப்பா. இனி என் காகிதங்களில் அது அந்த ஓர் இடத்தில்தான் இருக்கும்.

உங்கள் மகள்