மரியாதைக்குக் கேட்ட மன்னிப்பு

அன்புள்ள அப்பாவுக்கு,

இதனால் போடிப் பொதுமக்களுக்கும், மேலே போய்ச் சேர்ந்துவிட்ட உங்களுக்கும் அறிவிப்பது என்னவென்றால், நம் வீட்டுக் கறுப்பு ஆட்டுக்குட்டி இன்று காலை என் பள்ளிக்கூடச் சட்டையின் காலரைத் தின்றுவிட்டது. விளக்கம் கேட்டேன், பதில் இல்லை. இருந்தாலும் அதை வீட்டை விட்டு நீக்கவில்லை. ஆட்டுக்குட்டிக்குக் கிடைத்த நியாயம்கூட உங்களுக்குக் கிடைக்கவில்லையே அப்பா.

இன்னொரு செய்தியும் உண்டு. கேஸ் ஜெயித்துவிட்டது. உங்களுக்கு வேலை திரும்பக் கிடைத்துவிட்டது.

சிரிக்காதீர்கள். உங்களை நீக்கிய உத்தரவு செல்லாது என்று ஐகோர்ட்டில் தீர்ப்பாகிவிட்டது. வனத்துறைச் சோதனைச் சாவடிக் காவலராகப் பணியில் இருந்தபோதே இறந்தீர்களாம். நீங்கள் விழுந்தது ஏலக்காய் ஸ்டோரில், கூலியாக மூட்டை இறக்கும்போது என்பது எங்களுக்குத்தானே தெரியும்? எஸ்டேட் ஜீப்பில் மலையேறும்போது, பழைய சாவடி வந்ததும் துண்டால் முகத்தை மூடிக்கொள்வீர்களாம். டிரைவர் சொன்னார்.

அப்படி என்ன குற்றம் செய்தீர்கள்? கொட்டுகிற மழையில், பிரசவ வலியில் துடித்த பெண்ணோடு வந்த ஜீப்புக்கு, சோதிக்காமல் சாவடித் தடுப்புக் கம்பைத் தூக்கிவிட்டீர்கள். அதே ஜீப்பில், சீட்டுக்கு அடியில் இருந்த திருட்டு ஈட்டிமரக் கட்டைகள் அடிவாரத்தில் பிடிபட்டன. விளக்கம் கேட்டு மெமோ வந்தது. நடந்ததை எல்லாம் எழுதிவிட்டு, உங்கள் வழக்கப்படி, "பிழை இருந்தால் பெரிய மனதுடன் மன்னிக்க வேண்டுகிறேன்" என்று முடித்தீர்கள். தேவாரம் ஊரில் இருக்கும் மாமாவுக்குப் போடும் கார்டைக்கூட அப்படித்தானே முடிப்பீர்கள்? அந்த வரியைப் பிடித்துக்கொண்டு, குற்றத்தை ஒப்புக்கொண்டுவிட்டார், விசாரணையே தேவையில்லை என்று வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். அந்தப் பெண்ணை யாராவது ஒரு வார்த்தை கேட்டார்களா?

மேலதிகாரிக்கு மேல்முறையீடு செய்தீர்கள். ஒரே வரியில் தள்ளிவிட்டார். மேல்முறையீடு என்றால் மேலே போன பிறகு கிடைப்பது என்று அப்போது எனக்குத் தெரியவில்லை.

வக்கீல் காதர் மாமாதான் விடாமல் ஐகோர்ட்டில் கேஸ் போட்டார். நீங்கள் போன பிறகும் கேஸை அம்மா பேரில் நடத்தினார். தீர்ப்போடு வீட்டுக்கே வந்தார்.

"மரியாதைக்குக் கேட்ட மன்னிப்பு, குத்தத்த ஒத்துக்கிட்டது ஆகாதுன்னு சொல்லிட்டாக தங்கச்சி. சாட்சியக் கூப்பிட்டு, அவரையும் பேசவிட்டுல்ல விசாரிச்சிருக்கணும்?"

"அப்ப அவுக தப்புப் பண்ணலன்னு சொல்லிட்டாகளாண்ணே?" என்று அம்மா கேட்டாள்.

மாமா கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "அப்பிடிச் சொல்லலம்மா. விசாரிக்காம நீக்குனது தப்புன்னுதான் சொன்னாக. உசுரோட இருந்தா, மறுபடி மொறையா விசாரிங்கன்னு அனுப்பியிருப்பாக. செத்தவர எப்பிடி விசாரிக்கிறது?"

"செத்ததாலதான் ஜெயிச்சாகளா?"

மாமா தீர்ப்பை மடித்து அம்மா கையில் வைத்தார். எதற்கெடுத்தாலும் வாய் அடிக்கும் நான், ஆட்டுக்குட்டியைப் பார்க்க எழுந்து போனேன்.

நேற்று அம்மாவின் பென்ஷனுக்காக உங்கள் ஆபீசுக்குப் போனோம். "ஒங்கப்பா தங்கமான மனுசன்ப்பா" என்றார் தலைமை எழுத்தர். நான் நாற்காலியில் கால் மேல் கால் போட்டுக்கொண்டு, "அத அன்னைக்கே எழுதியிருக்கலாம்ல சார்? எழுதுறதுதான ஒங்க சோலி?" என்று கேட்டேன். ஆபீசே அடங்கிப்போனது.

சரி, உங்களிடம் எதற்குப் பொய்? அதை நான் சொன்னது திரும்பி வரும்போது, பஸ் ஸ்டாண்டில், அம்மாவிடம். ஆபீசில் கைகட்டித்தான் நின்றேன். அதோடு போயிருந்தால் பரவாயில்லை. அம்மாவுக்கு மனு எழுதிக்கொடுத்ததும் நான்தான். கடைசி வரி என்ன தெரியுமா? "பிழை இருந்தால் பெரிய மனதுடன் மன்னிக்க வேண்டுகிறேன்." கை தானாக எழுதிவிட்டது அப்பா.

இனி எந்த ஆபீசுக்கும் அப்படி எழுத மாட்டேன். முதல் காரியமாக, இந்தக் கடிதத்தை அந்த வரி இல்லாமல் முடிக்கிறேன்.

உங்கள் கைப்பழக்கம் இன்னும் விடாத மகன்,
முருகேசன்