தாருக்கு அடியில் ஒரு மஞ்சள் வானம்

இஞ்சாருங்கோ, இரண்டு தரம் கூப்பிட்டால்தான் திரும்பிப் பார்க்கிற என் மனுசனுக்கு,

உங்களுக்கு அமெரிக்காவிலிருந்து கடிதம் வந்திருக்கிறது. தபாற்காரர் படலையில் நின்று உங்கள் பெயரைச் சொல்லிக் கூப்பிட, நானும் பழக்கத்தில் "அவர் கந்தோர் வேலை முடிஞ்சு இன்னும் வரேல்லை" என்று சொல்லிவிட்டேன். நீங்கள் நெருப்புக் காய்ச்சலில் போய் மூன்று வருசம். அவர் கடிதத்தைத் தந்துவிட்டுப் போனார்.

ஓம், அந்த ஓவியருடைய வீட்டிலிருந்துதான். கப்பல் கொம்பனியில் உங்களோடு வேலை செய்தவர் யாரோ பயணி விட்டுப்போனது என்று ஒரு சஞ்சிகை கொண்டுவந்து தந்தாரே, அதில் நாலு பக்கத்துக்கு அவருடைய கதை இருந்தது. ஆலைத் தொழிலாளி ஒருவரின் மகன். தானியம் சேர்க்கிற கோபுரம், புகைபோக்கி, வெறுஞ்சுவர், இவைதான் அவருடைய படங்கள். அவருடைய ஊரார் பார்த்துச் சிரித்தார்களாம். நீங்கள் சிரிக்கவில்லை. சாப்பாட்டுக் கோப்பையைத் தள்ளிவைத்துவிட்டு அந்தப் பக்கங்களையே பார்த்துக்கொண்டிருந்தீர்கள்.

அதுவரை கடலும் தென்னையுமாய் வரைந்தவர், அடுத்த ஞாயிற்றுக்கிழமையே மண்ணெண்ணெய் சேர்த்துவைக்கிற பெரிய இரும்புத் தாங்கி வரையக் கொலன்னாவைக்குப் புறப்பட்டீர்கள். பொறளை வரைக்கும் பஸ், அங்கிருந்து நடை. சோத்துப் பார்சலோடும் கறுப்புக் குடையோடும் நான் பின்னால்.

"வெள்ளவத்தைக் கடல் வாசலில கிடக்கு. போயும் போயும் இந்தத் தகரப் பீப்பாவோ உங்கட கண்ணில பட்டது?"

"வடிவாப் பார் மங்கை, வெயில் அதில எப்பிடி வளைஞ்சு போகுதெண்டு."

"என்னை ஒருநாளாவது வரைஞ்சனீங்களோ?"

"அந்த மனுசன் ஆள் வரையிறதில்லை. ஆள் வந்தால் கண் ஆளிட்டைப் போயிடும். சுவரை ஆர் பாக்கிறது?"

"அப்ப அந்த மனுசனையே நீங்கள் கட்டியிருக்கலாம்" என்றேன். குடை ஆடுகிற அளவுக்குச் சிரித்தீர்கள். அந்தச் சிரிப்பைக் கேட்க இப்போது எத்தனை மைலும் நடப்பேன்.

சஞ்சிகைப் படங்களெல்லாம் கறுப்பு வெள்ளை. அந்தக் கோபுரத்துக்குப் பின்னால் வானம் என்ன நிறமென்று தெரியாமல் நீங்கள் பட்ட பாடு! கடைசியில் சஞ்சிகையின் விலாசத்துக்கு ஓவியருக்கே எழுதிக் கேட்டீர்கள். பதில் வருமுன் உலகச் சண்டை வந்தது. உங்கள் தாங்கிக்கு நீங்களாகவே மஞ்சள் வானம் போட்டீர்கள். வானத்துக்குச் செங்கமாரி வந்து மஞ்சளாய்ப் போச்சுதோ என்று நான் பகிடி பண்ணினேன். அதோடு படத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிவைத்து, எனக்குக் காட்டாமல் மாதக்கணக்காய் ஏதோ திருத்தினீர்கள். முடியட்டும், பிறகு பார் என்றீர்கள்.

இனி வருவதை உங்களிடம் நான் முழுதாய்ச் சொல்லவேயில்லை. இப்போது இந்தக் கடிதத்தைப் பத்திரிகைக்கே அனுப்புகிறேன். ஊரும் வாசிக்கட்டும், அந்தப் பொலிஸ்காரரும் வாசிக்கட்டும்.

கொழும்பில் ஜப்பான்காரன் குண்டு போட்ட அந்தக் கிழமை, நீங்கள் கந்தோருக்குப் போயிருந்த நேரம் அந்தப் பொலிஸ்காரர் வந்தார். "நோனா, இந்த லேனில படம் வரையிற மஹத்தயா ஒருத்தர் இருக்கிறாராமே?" எண்ணெய்த் தாங்கியை வரைந்தவரை உளவாளி என்று பிடித்துக்கொண்டு போகத்தான் வந்திருக்கிறார் என்று நினைத்தேன். பிள்ளைகுட்டி இல்லாத வீடு, நீங்களும் இல்லையென்றால் எனக்கு ஆர்? அப்படி ஒருவரும் இல்லை என்று கதவைச் சாத்தினேன். வேலிக்கட்டைக்குப் பூச வைத்திருந்த தாரை எடுத்து, படத்தைச் சரியாகப் பார்க்கவும் இல்லாமல், முழுக்கப் பூசினேன். குண்டுவிமானத்துக்கு வெளிச்சம் தெரியக்கூடாதென்று இருட்டடிப்புக்காக எல்லா வீட்டு யன்னலும் கறுப்பாய்த்தானே இருந்தது. நம்முடைய யன்னலில் அதை வைத்து ஆணி அடித்துவிட்டேன்.

நீங்கள் வந்து பார்த்தீர்கள். பொலிஸ் வந்தது என்று நான் அழுதேன். "ஒரு பொட்டு வெளிச்சமும் வெளியில போகாது. நல்ல வேலைதான்" என்றுவிட்டுத் தேத்தண்ணி கேட்டீர்கள். அதற்குப் பிறகு தூரிகையைத் தொடவில்லை. ஒரு சொல் ஏசியிருந்தால் என்ன?

நாலாம் நாள் கடையில் அதே பொலிஸ்காரரைக் கண்டேன். பதுங்குகுழிக்கு வழிகாட்டும் பலகை எழுத ஆள் தேடினாராம். கொட்டாஞ்சேனையில் ஒருவர் கிடைத்துவிட்டாராம். அவ்வளவுதான் விஷயம்! இதைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. நாளைக்குச் சொல்வோம், நாளைக்குச் சொல்வோம் என்றே உங்களைப் போகவிட்டேன்.

கடிதம் எழுதியது ஓவியரின் மனைவி. ஓவியரும் போய்விட்டாராம். உங்கள் கடிதம் சண்டைக்காலத்தில் எங்கெங்கோ சுற்றி, கடைசி மாதங்களில்தான் அவர் கைக்குப் போயிருக்கிறது. கட்டிலருகே வைத்து, வருகிறவர்களுக்கெல்லாம் வாசிக்கக் கொடுத்தாராம். நீங்கள் கேட்ட அந்தக் கோபுரத்து வானத்துக்கு அவர் நிறமே பூசவில்லையாம், வெறும் பலகையை அப்படியே விட்டாராம். நீங்கள் கடிதத்தில் சொல்லியிருந்த எண்ணெய்த் தாங்கிப் படத்தைப் பார்க்க அவருக்கு ஆசை இருந்ததாம். தான் பார்க்கலாமா என்று அந்த அம்மா கேட்டிருக்கிறார்.

நான் எதைக் காட்டுவேன்?

இருட்டடிப்பு முடிந்தும் அந்த யன்னலைத் தொட எனக்குத் துணிவு வரவில்லை. இன்றைக்குக் காலையில் ஆணிகளைக் கழற்றினேன். மண்ணெண்ணெயில் துணியை நனைத்துத் துடைத்தேன். அதுவும் உங்கள் தாங்கிகளிலிருந்து வந்த எண்ணெய்தானே. முதலில் மஞ்சள் வந்தது. கொஞ்சம் கரைந்துதான் போயிருக்கிறது. பிறகு தாங்கியின் வளைவு வந்தது. அடியில் ஒரு கறுப்பு மட்டும் போகமாட்டேன் என்றது. தார்தான் என்று பல்லைக் கடித்துக்கொண்டு உரசினேன். பிறகு கண்ணாடியைப் போட்டுக்கொண்டு கிட்டப் பார்த்தேன்.

அது குடை. குடைக்குக் கீழே என்னுடைய பச்சைச் சேலை. மடியில் சோத்துப் பார்சல்.

ஆள் வரையக் கூடாது என்றீர்களே, இஞ்சாருங்கோ! இதையா எனக்கு ஒளித்து ஒளித்துத் திருத்தினீர்கள்? இதன் மேலேயா நான் தார் பூசினேன்?

படம் என்னோடு இருக்கட்டும். கொள்ளுப்பிட்டியில் ஒரு ஸ்டூடியோக்காரரைப் பிடித்து, போட்டோ எடுத்து அந்த அம்மாவுக்கு அனுப்புவேன். போட்டோவில் நிறம் தெரியாது. நீங்கள் பட்ட பாட்டை அவர் படவேண்டாம். வானம் மஞ்சள், சேலை பச்சை என்று ஒவ்வொன்றாய் எழுதுவேன். குடை கறுப்பு, அது தார் இல்லை என்றும் எழுதுவேன்.

உங்கள் மனுசி,
மங்கை