கப்டன் பவளத்தின் பன்னிரண்டாம் அத்தியாயம்

ஒக்டோபர் 8, புதன்

விடியக்காலையிலிருந்து மழை. காலிக்குப் போகிற வீதியில் பஸ் ஊர்கிறது. அலுவலகத்துக்கு அரைநாள் லீவு.

ஞாயிறு என் புத்தக வெளியீடு. வெள்ளவத்தையிலேயே மண்டபம். பாக்கி வேலை: சேலைச் சட்டை தைத்து எடுக்க. விளக்குத் திரி. மைக் ஆளுக்கு இன்னொரு போன் கோல். யதுவுக்குப் பட்டுப் பாவாடை. யது, என் அக்காவின் மகள். வாசலில் பன்னீர் தெளிக்கப் போகிறவள். அது அக்காவின் ஏற்பாடு. யது கேட்டது வாள் பிடித்துக்கொண்டு நிற்க.

கேட்கத்தானே செய்வாள். இரண்டு வருடமாக ஒவ்வொரு அத்தியாயத்தையும் முதலில் அவளுக்குத்தான் வாசித்துக் காட்டினேன். கப்டன் பவளம், பதினாலு வயதுக் கடற்கொள்ளைக்காரி, மன்னார்க் கடலில் முத்துக் கப்பல்களை மறிப்பவள். கப்பலுக்கு ‘முரட்டுச் சுறா’ என்று பெயர் வைத்ததே யதுதான். வகுப்பில் கதையைச் சொல்லிக்கொண்டு வந்து, பவளம் பிடிபட்டுக் கோட்டைச் சிறையில் கிடக்கிற இடத்தில் நிறுத்திவிட்டாளாம்.

“மிச்சம் புத்தகத்தில இருக்கு, வந்து வாங்குங்கோடி எண்டு சொல்லிப்போட்டன் சித்தி. எப்பிடித் தப்புறா எண்டு சொல்லேல்ல. கட்டாயம் தப்புவா எண்டு மட்டும் சொன்னனான்.”

என்னைவிட வியாபாரம் தெரிந்தவள்.

ஒக்டோபர் 9, வியாழன்

மழை விட்டுவிட்டது. புழுக்கம்.

பதிப்பாளர் யோகண்ணையின் போன். முதற்பிரதி வாங்கப்போகிற இரும்புக்கடை முதலாளியின் வாழ்த்துரை இப்போதுதான் வந்ததாம். முழுப்பக்கப் போட்டோவும். கூடவே முதலாளியின் மனைவி வாழ்த்துரை, ஒரு டொக்டர் வாழ்த்துரை, ஒரு கோயில் தர்மகர்த்தா வாழ்த்துரை. ஏற்கனவே அணிந்துரை வேறு. ஒரு கொள்ளைக்காரியைப் பார்க்க இத்தனை பெரிய மனிதர்களைத் தாண்டிப் போகவேண்டும்.

இத்தனைக்கும் பக்கம் காணுமா என்று கேட்டேன்.

“நீங்க ஒண்டுக்கும் யோசியாதேங்கோ தங்கச்சி. நான் எல்லாம் அட்ஜஸ்ட் பண்ணுறன்.”

சரி என்று வைத்துவிட்டேன். சட்டைக் கை இறுக்கம், திருப்பிக் கொடுத்தது.

ஒக்டோபர் 11, சனி

கொட்டாஞ்சேனை அச்சகம். புத்தகம் கையில். அட்டையில் பவளத்துக்குப் பொட்டும் மல்லிகைப் பூவும். வாள் பேனாக்கத்தி அளவு. பரவாயில்லை என்று கடைசிப் பக்கத்தைத் திருப்பினேன்.

பதினோராம் அத்தியாயம். “பவளம் இருட்டைப் பார்த்தபடி உட்கார்ந்தாள்.” அதற்குக் கீழே முற்றும்.

பன்னிரண்டாவது இல்லை. கருவாட்டுப் பீப்பாவுக்குள் ஒளிந்து அவள் வெளியேறுவது, தோழிகள் தோணியில் காத்திருப்பது, ஒன்றும் இல்லை. பிழையான பிரதி என்று நினைத்து இன்னொன்றை எடுத்துப் பார்த்தேன். அதுவும் அப்படித்தான்.

யோகண்ணையின் விளக்கம்: ஒரு தாளில் பதினாறு பக்கம் ஏறும். வாழ்த்துரைகள் வந்து இடத்தைப் பிடித்துக்கொண்டன. இன்னொரு தாள் ஏற்ற நேரமில்லை. எதையாவது எடுக்கத்தான் வேண்டும்.

“அதுக்குக் கதையை எடுப்பீங்களா அண்ணை?”

“கதையை ஆர் எடுத்தது? கடைசித் துண்டைத்தானே. வாழ்த்துரையை எடுத்தா மனிசர் கோவிப்பினம். பவளம் கோவிக்கப் போறாவே?”

அச்சகத்தில் எல்லாரும் சிரித்தார்கள். அடித்துவிடலாம் போல இருந்தது. அடிக்கவில்லை, பார்சலைத் தூக்கிக்கொண்டு ஓட்டோவில் ஏறினேன்.

வீட்டில் யது கடைசிப் பக்கத்தைத்தான் முதலில் பார்த்தாள். அழவில்லை. “இப்ப என்ன செய்யிறது சித்தி? என்ர வகுப்புப் பெட்டையள் நாளைக்கு வருவாளவை.”

நாளைக்கு ஏற்புரையில் சபைக்கே சொல்லுகிறேன், பவளம் தப்பினாள், அந்த அத்தியாயம் விடுபட்டுவிட்டது என்று மைக்கில் சொல்லுகிறேன் என்றேன்.

“சத்தியமா?”

சத்தியமாக என்றேன்.

ஒக்டோபர் 12, ஞாயிறு

கால் வீக்கம். சேலையைக் கழற்றி எறிந்துவிட்டு எழுதுகிறேன்.

விளக்கேற்றல். வரவேற்புரை. தலைமையுரை. வாழ்த்துரைகள் (அச்சடித்தது போதாதென்று நேரிலும்). முதலாளிக்குப் பொன்னாடை, முதற்பிரதி, படம். புத்தகத்தைத் தலைகீழாகப் பிடித்திருந்தார், படப்பிடிப்பாளர் திருத்திவிட்டார்.

பிறகு ஆய்வுரை. ஓய்வுபெற்ற அதிபர் அம்மா. வாசித்துவிட்டுத்தான் வந்திருந்தார், அதுதான் கொடுமை. “தாய் தகப்பன் சொல் கேளாமல் கடலுக்குப் போகிற பெண்பிள்ளை கடைசியில் எங்கே போய்ச் சேருவாள்? சிறையில்! அங்கேயே கதையை முடித்தாரே சகோதரி, அதுதான் இந்நூலின் சிகரம்.”

கைதட்டல். முன்வரிசைத் தாய்மார் பக்கத்தில் இருந்த மகள்மாரைத் திரும்பிப் பார்த்தார்கள். யதுவின் சிநேகிதிகள் யதுவைத் திரும்பிப் பார்த்தார்கள். அவள் பன்னீர்ச் செம்போடு வாசலில் நின்றாள். அவள் பார்த்தது என்னை.

ஏற்புரை. எழும்பினேன். முதல் வசனம் மனப்பாடம்: “இந்தக் கதை இங்கே முடியவில்லை.” அதைச் சொல்ல வாய் திறக்குமுன் முதலாளி சிரித்தபடி தலையாட்டினார். அதிபர் அம்மா என் கையைப் பிடித்துத் தட்டிக்கொடுத்தார். யோகண்ணை கைக்கடிகாரத்தைக் காட்டினார்.

நன்றி சொன்னேன். முதலாளிக்கு, துணைவியாருக்கு, டொக்டருக்கு, தர்மகர்த்தாவுக்கு. அதோடு நின்றிருக்கலாம். “அதிபர் அம்மா சொன்னதுதான் நான் சொல்ல வந்ததும்” என்றேன். யாரும் என்னைக் கேட்கவில்லை, நானாகச் சொன்னேன். மேடையில் நின்றால் என் நாக்கு என்னுடையது இல்லை.

பிறகு சிற்றுண்டிப் பற்றிஸ் மேசையடியில் கேட்டது, யதுவிடம் ஒரு சிநேகிதியின் சின்னக் குரல்: “நீ பொய் சொன்னனீ. அவ தப்பேல்லத்தானே.”

ஒக்டோபர் 13, திங்கள்

தலைவலி. மீன் வாங்க மறந்துவிட்டேன்.

யது பள்ளிக்கூடத்தால் வந்து நேரே அறைக்குள். அக்கா: “நேற்று இவ்வளவு வடிவா நிண்டவள், இண்டைக்கு ஏன் மூஞ்சையை நீட்டுறாள்?” எனக்குத் தெரியாது என்றேன்.

யோகண்ணை போன். ஒரு பெண்கள் பள்ளிக்கூடம் பரிசளிப்புக்குப் புத்தகத்தைக் கேட்கிறதாம், ஆய்வுரையைக் கேட்டுவிட்டு. இரண்டாம் பதிப்பு உடனே போடவேண்டும்.

“அப்ப பன்னிரண்டாம் அத்தியாயத்தைச் சேர்ப்பமே அண்ணை?”

“ஐயோ தங்கச்சி, அந்த முடிவுக்காகத்தான் அவை வாங்கினம். கெடுத்துப்போடாதேங்கோ.”

யோசித்துச் சொல்லுகிறேன் என்றேன். யோசிக்க என்ன இருக்கிறது? மாட்டேன் என்று சொல்ல ஒரு நிமிடம் போதும்.

ஒக்டோபர் 14, செவ்வாய்

மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் சந்தியிலுள்ள கடையில் பன்னிரண்டாம் அத்தியாயத்தைப் போட்டோக்கொப்பி அடித்தேன். யதுவுக்கும் சிநேகிதிகளுக்கும். பின் குத்தி, உறையில் போட்டு. வெட்கமாகத்தான் இருந்தது, ஆனாலும் கொஞ்சம் சந்தோசம்.

பின்னேரம் யதுவிடம் கொடுத்தேன். கணக்குச் செய்துகொண்டிருந்தாள்.

“நாளைக்குக் கொண்டுபோய்க் காட்டு. நீ சொன்னதுதான் சரி எண்டு தெரியட்டும்.”

ஒரு தாளை எடுத்துப் பார்த்தாள். “இது நாங்களே வீட்டில அடிச்சது எண்டு சொல்லுவாளவை.”

“நான்தானேயடி எழுதினது. சித்தி எழுதினது எண்டு சொல்லு.”

“எழுதினது நீங்கதான். அந்த அம்மா சொன்னது சரி எண்டு மைக்கில சொன்னதும் நீங்கதான். அவளவையும் கேட்டவளவை.”

உறையை என் பக்கம் தள்ளிவைத்துவிட்டு மறுபடி கணக்குக் கொப்பியில் குனிந்தாள். நான் எழும்பி வரும்போது, அவள் நிமிராமலே:

“விடுங்கோ சித்தி. பவளம் அங்கயே இருக்கட்டும்.”